ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே பெயர்

பிள்ளை பிறந்த வீட்டை நோக்கி உலகம் கேட்கும் முதற் கேள்வி, ‘ஆணா, பெண்ணா?’ என்பது. இரண்டாம் கேள்வி, ‘என்ன பெயர்?’ என்பது. நம் தமிழ்நாட்டில் இரண்டாம் கேள்விக்கு விடை கிடைத்துவிட்டால் முதற் கேள்வியைக் கேட்க வேண்டிய தேவையே பெரும்பாலும் இராது. முருகன் என்றால் ஆண்; வள்ளி என்றால் பெண். பெயரின் கடைசி எழுத்தே பாலைக் காட்டிவிடும்.

வடநாட்டில் குடியேறி வாழும் நாம், அண்டை வீட்டுப் பஞ்சாபியர் இனிப்புப் பெட்டியுடன் வந்து, ‘குழந்தைக்குக் குர்பிரீத் என்று பெயரிட்டிருக்கிறோம்’ என்று சொல்லும்போது சற்றே திகைக்கிறோம். பெயரைக் கேட்ட பின்னும் முதற் கேள்வி அப்படியே எஞ்சி நிற்கிறது. எதிர் வீட்டுப் பாட்டியின் பெயர் ராஜிந்தர். மூன்றாம் வீட்டு இளைஞரின் பெயரும் ராஜிந்தர். இதை நம்மவர் சிலர் வேடிக்கையாகப் பேசுவதுண்டு. ஆயினும், ஒரு பெரும் மக்கட் கூட்டத்தார் தம் ஆண்மக்களுக்கும் பெண்மக்களுக்கும் ஒரே பெயர்த் தொகுதியைப் பயன்படுத்தி வருகின்றனர் எனில், அதன் பின்னே ஒரு வரலாறும் ஒரு கருத்தும் இருத்தல் வேண்டும். அவ்வரலாற்றைச் சிறிது ஆராய்வதும், அதன் ஒளியில் நம் தமிழ்ப் பெயர்களை நோக்குவதும் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பெயர் சூட்டும் முறை

சீக்கியர் தம் குழந்தைக்குப் பெயரிடும் முறை எளியது. தாய் நலமுற்று எழுந்தபின், குடும்பத்தாரும் உறவினரும் குழந்தையுடன் குருத்துவாரத்துக்குச் செல்வர். கோதுமை மாவும் நெய்யும் சர்க்கரையும் சேர்த்துக் கிண்டிய கடா பிரசாதம் அங்கே படைக்கப்படும். 1430 பக்கங்கள் கொண்ட குரு கிரந்த சாகிபைக் கிரந்தியார் ஏதேனும் ஓரிடத்தில் திறந்து, அங்குக் கிடைக்கும் பாடலை ஓதுவார். அப்பாடலின் முதல் எழுத்து எதுவோ, அதுவே குழந்தையின் பெயருக்கும் முதல் எழுத்தாகும். அவ்வெழுத்தில் தொடங்கும் ஒரு பெயர் சொல்லப்பட, கூடியிருக்கும் சபையார் ஏற்றுக்கொண்டபின் அது அறிவிக்கப்படும். பெயரின் பின்னே, ஆண் குழந்தையாயின் ‘சிங்’ என்றும், பெண் குழந்தையாயின் ‘கௌர்’ என்றும் சேர்க்கப்படும். சிரோமணி குருத்துவாரப் பிரபந்தகக் குழு 1945-ஆம் ஆண்டில் ஏற்று வெளியிட்ட சீக்கிய ஒழுக்க விதி நூலில் இம்முறை வரையறுக்கப்பட்டுள்ளது.

இதில் நாம் கவனிக்கத் தக்கது ஒன்றுண்டு. எழுத்தைத் தேர்ந்தெடுப்பவர் தந்தையும் அல்லர், பாட்டனாரும் அல்லர். நூல் திறந்த இடமே எழுத்தைத் தருகிறது. தொட்டிலில் கிடப்பது மகனா, மகளா என்று அந்நூல் பார்ப்பதில்லை. நம் வீடுகளிலும் நட்சத்திரத்தின் பாதத்துக்கு உரிய எழுத்தைக் கொண்டு பெயரிடுவோர் பலர். அங்கும் எழுத்தளவில் ஆண், பெண் என்னும் வேறுபாடு இல்லை. ஆனால் எழுத்தைப் பெற்றவுடன் நாம் ‘அன்’ விகுதியையோ, ‘இ’ விகுதியையோ தேடிப் போகிறோம், அவர்கள் தேடுவதில்லை. இரு வழிகளும் பிரியும் இடம் இதுவே.

நானக்கும் நானகியும்

இவ்வழக்கம் சீக்கிய சமயம் தோன்றிய நாளிலேயே இருந்ததன்று. அச்சமயத்தின் முதல் குருவாகிய நானக் 1469-ஆம் ஆண்டு பிறந்தார். அவருக்கு மூத்த தமக்கையார் ஒருவர் இருந்தார். அவர் பெயர் நானகி. தமக்கை நானகி, தம்பி நானக். நம் சாத்தன், சாத்தி என்பது போலவும், செல்வன், செல்வி என்பது போலவும், ஒரே சொல் விகுதியால் பால் வேறுபட்டு நின்றது. ஆகவே தொடக்கத்தில் பஞ்சாபியர் பெயரும் பாலைக் காட்டியே வழங்கியது என்று கொள்ளலாம்.

கருத்து முந்தியது, பெயர் பிந்தியது. அரசர்களை ஈன்றெடுக்கும் பெண்ணை இழிவாகக் கூறுதல் எங்ஙனம் பொருந்தும் என்று குரு நானக் தம் பாடலொன்றில் வினவினார். மேலும், குரு கிரந்த சாகிபில் உள்ள பாடல்கள் பலவற்றில் மனித உயிர் பெண்ணாகவும் இறைவன் தலைவனாகவும் உருவகம் செய்யப்படுவதைக் காணலாம். பாடியவர் ஆணாயினும் அவருயிர் மணமகளே. இது நமக்குப் புதியதன்று. நம்மாழ்வார் பராங்குச நாயகியாகவும், திருமங்கையாழ்வார் பரகால நாயகியாகவும் நின்று பாடியதை நாம் அறிவோம். இறைவன் திருமுன் ஆண், பெண் என்னும் வேறுபாடு நிலைபெறாது என்னும் எண்ணம் தென்னாட்டிலும் வடநாட்டிலும் ஒருங்கே மலர்ந்தது. பஞ்சாபில் அவ்வெண்ணம் நாளடைவில் பெயரளவிலும் இறங்கி வந்தது என்பதே வேறுபாடு.

சிங், கௌர்

1699-ஆம் ஆண்டு வைசாகித் திருநாளன்று ஆனந்தபூரில் பத்தாம் குரு கோவிந்தர் கால்சாவை நிறுவினார். முதன்முதலாக முன்வந்து அமுதம் பெற்ற ஐவரை ‘ஐந்து அன்பர்’ என்று சீக்கியர் போற்றுவர். தயா ராம், தரம் தாஸ், ஹிம்மத் ராய், மோகம் சந்த், சாகிப் சந்த் என்று வந்தவர்கள், தயா சிங், தரம் சிங், ஹிம்மத் சிங், மோகம் சிங், சாகிப் சிங் என்று திரும்பினர். ராம், தாஸ், ராய், சந்த் என்னும் வெவ்வேறு வால்கள் நீங்கி, ஐவர்க்கும் ஒரே வால் வாய்த்தது. கோவிந்த ராய் என்று வழங்கிய குருவும் அவர்களிடமே அமுதம் பெற்றுக் கோவிந்த சிங் ஆனார்.

இம்மாற்றத்தின் முதல் நோக்கம் சாதி வேற்றுமையை ஒழிப்பது. குடிப்பெயர் போனால் குலத் தாழ்வும் போகும் என்பது கருத்து. எஞ்சி நின்ற முதற்பெயர்களையும் நோக்குக. தயை, தருமம், துணிவு, உறுதி, தலைமை என்பனவே அவற்றின் பொருள். இவை ஆணுக்கு மட்டும் உரியன அல்ல. பெண்ணுக்கு மட்டும் உரியனவும் அல்ல.

‘கௌர்’ என்பது இளவரசனைக் குறிக்கும் ‘கன்வர்’ என்னும் சொல்லோடு தொடர்புடையது என்பர். இன்று இளவரசி என்றே பொருள் கொள்கின்றனர். சிங் என்னும் பெயர் ஆண்களுக்கு வந்த அன்றே கௌர் என்னும் பெயரும் பெண்களுக்கு வந்தது என்பது சீக்கியரின் மரபுவழி நம்பிக்கை. வரலாற்றாசிரியர் பலர், அது எல்லாப் பெண்களுக்கும் உரிய பொதுப்பெயராக நிலைத்தது மிகப் பிற்காலத்தில்தான் என்று கருதுவர். ரஞ்சித் சிங்கின் மாமியார் சதா கௌர், அவருடைய அரசி ஜிந்த் கௌர் போன்ற உயர்குடிப் பெண்டிர் பெயர்களில் அது முன்னரே காணப்படுகிறது. 1873-ஆம் ஆண்டு அமிர்தசரசில் தோன்றிய சிங் சபை இயக்கம், சீக்கியருக்கெனத் தனி வாழ்க்கை முறையை வகுக்க முனைந்தது. அதன் பின்னரே கௌர் ஊர்தோறும் பரவியது என்பது அவர்கள் முடிவு.

இவ்விரு பின்பெயர்களும் வேரூன்றியதனால் ஒரு பெருநன்மை விளைந்தது. பாலைக் காட்டும் கடமை முழுவதையும் பின்பெயர் ஏற்றுக்கொண்டமையால், முன்பெயர் விடுதலை பெற்றது. அது வெறும் பொருளை மட்டும் சுமந்தால் போதும் என்றாயிற்று. மற்றொரு நன்மையும் உண்டு. கௌர் என்பது தந்தையின் பெயரும் அன்று. கணவனின் பெயரும் அன்று. திருமணத்தால் மாற வேண்டிய தேவை அதற்கு இல்லை. நம் பெண்மக்களின் தலைப்பெழுத்து பிறந்த வீட்டில் ஒன்றும் புகுந்த வீட்டில் ஒன்றுமாக மாறுவதையும், அதனால் பள்ளிச் சான்றிதழ் ஒரு பெயரும் குடும்ப அட்டை வேறொரு பெயரும் கூறி அலைக்கழிப்பதையும் எண்ணிப் பார்த்தால் இதன் அருமை விளங்கும்.

சொல்லும் பொருளும்

சீக்கியப் பெயர்களின் அமைப்பு கணக்கைப் போன்று தெளிவானது. முன்சொல் ஒன்று, பின்சொல் ஒன்று. இரண்டும் சேர்ந்தால் பெயர். குர் என்பது குரு. ஹர் என்பது இறைவன். மன் என்பது மனம். சுக் என்பது சுகம். ஜஸ் என்பது புகழ். பல் என்பது வலிமை. குல் என்பது குலம். தில் என்பது உள்ளம். இவை முன்சொற்களுள் எட்டு. பிரீத் என்பது அன்பு. தீப் என்பது விளக்கு. ஜீத் என்பது வெற்றி. மீத் என்பது நண்பர். பால் என்பது காப்பவர். வந்த் என்பது உடையவர். இந்தர் என்பது இந்திரன், அதாவது தலைமை உடையவர். இவை பின்சொற்களுள் ஏழு. இவற்றை மாற்றி மாற்றி இணைத்தால் 56 பெயர்கள் பிறக்கும். எல்லாம் வழக்கில் இல்லையாயினும் பெரும்பாலானவற்றை நம் தெருவிலேயே கேட்கலாம். குர்பிரீத் என்றால் குருவிடத்து அன்பு. ஹர்தீப் என்றால் இறைவனின் விளக்கு. மன்ஜீத் என்றால் மனத்தை வென்றவர்.

இவற்றுள் ஒரு நுட்பம் உண்டு. இந்தர் என்பது ஆண் தெய்வத்தின் பெயர். அதனைப் பெண்ணுக்கு இட்டனர். பிரீத் என்பதோ பஞ்சாபி இலக்கணத்தில் பெண்பாற் சொல். அதனை ஆணுக்கும் இட்டனர். ஆண் பெயரைப் பெண்ணுக்குத் தருவது பல நாடுகளில் உண்டு. பெண்மைச் சொல்லை ஆணுக்குத் தரப் பலரும் கூசுவர். இங்கே கொடுக்கலும் வாங்கலும் இருபுறமும் நிகழ்ந்துள்ளன.

ராஜிந்தர் என்பது நம் இராசேந்திரனே. கங்கையும் கடாரமும் கொண்ட சோழ வேந்தனின் பெயர் பஞ்சாபில் பாட்டிமார்க்கும் உரியது. பஞ்சாபின் முதல் பெண் முதலமைச்சராக 1996-ஆம் ஆண்டு பதவியேற்றவர் ராஜிந்தர் கௌர் பட்டல். உருது இலக்கியத்தின் சிறந்த சிறுகதையாசிரியர்களுள் ஒருவர் ராஜிந்தர் சிங் பேடி. பஞ்சாபி நாட்டுப்பாடல்களைத் தம் குரலால் நாடெங்கும் பரப்பிய பெருமாட்டி சுரிந்தர் கௌர். 1980-ஆம் ஆண்டு மாஸ்கோ ஒலிம்பிக்கில் நம் சென்னை வீரர் வா. பாஸ்கரன் தலைமையில் தங்கம் வென்ற வளைகோற் பந்தாட்ட அணியில் கோல் மழை பொழிந்தவர் சுரிந்தர் சிங் சோதி.

இன்றைய இளைஞர்க்கு இன்னும் அணிமையான சான்று வேண்டுமாயின், ஹர்மன்பிரீத் என்னும் பெயரை எடுத்துக்கொள்ளலாம். மோகா நகரில் 1989-இல் பிறந்த ஹர்மன்பிரீத் கௌர், 2025-ஆம் ஆண்டு உலகக் கோப்பை வென்ற இந்தியப் பெண்கள் கிரிக்கெட் அணியின் தலைவர். அமிர்தசரஸ் மாவட்டத்தில் 1996-இல் பிறந்த ஹர்மன்பிரீத் சிங், 2024-ஆம் ஆண்டு பாரிஸ் ஒலிம்பிக்கில் வெண்கலம் வென்ற இந்திய ஆண்கள் வளைகோற் பந்தாட்ட அணியின் தலைவர். ஒரே பெயர், இரண்டு அணிகள், இருவரும் தலைவர். பெற்றோர் பெயரிட்டபோது இறைவனிடத்து அன்பு என்னும் பொருளைத்தான் எண்ணியிருப்பர். அப்பெயர் எந்த வாயிலையும் அடைக்கவில்லை.

ஒன்று மட்டும் கூறுதல் வேண்டும். பஞ்சாபி மொழியில் பெயர் பாலைக் காட்டாவிடினும் வினை காட்டிவிடும். ‘வந்தான்’, ‘வந்தாள்’ என்னும் வேறுபாடு அங்கும் உண்டு. தமிழிலோ நிலைமை தலைகீழ். நம் பெயர் பாலைக் காட்டும். ஆயினும் நாம் ஒருவரை மதித்துப் பேசும்போது ‘அவர் வந்தார்’ என்கிறோம். தலைமை ஆசிரியர் ஆணாயினும் பெண்ணாயினும் ‘அவர்’ தான். மதிப்பு ஏறும் இடத்தில் பால் மறைகிறது. இது நம் மொழியில் பொதிந்து கிடக்கும் ஒரு பண்பாடு. பஞ்சாபியர் பெயரால் செய்ததை நாம் மரியாதைச் சொல்லால் செய்திருக்கிறோம்.

இலக்கணம் கண்ட கோதை

நம் பெயர்களில் பொதுமை அறவே இல்லையோ என்று ஐயுற வேண்டா. தொல்காப்பியர் சொல்லதிகாரப் பெயரியலில் உயர்திணைக்கும் அஃறிணைக்கும் பொதுவாக வரும் விரவுப்பெயர்களை வகுக்கிறார். அவற்றுள் இயற்பெயர் நான்கு வகைப்படும்: பெண்மை இயற்பெயர், ஆண்மை இயற்பெயர், பன்மை இயற்பெயர், ஒருமை இயற்பெயர். சாத்தி என்பது பெண்மை. சாத்தன் என்பது ஆண்மை. ஒருமை இயற்பெயருக்கு உரையாசிரியர் காட்டும் எடுத்துக்காட்டு, கோதை. அப்பெயரின் பின் ஆண்பால் வினையும் வரும். பெண்பால் வினையும் வரும். அஃறிணை வினையும் வரும். பால் காட்டாப் பெயரொன்று உண்டென்பதை நம் இலக்கணம் அன்றே கண்டு, அதற்கென ஓர் இடமும் ஒதுக்கிவிட்டது.

கோதை என்றால் மாலை. சேர வேந்தர் அப்பெயரைப் பூண்டனர். கோக்கோதை மார்பன் புறநானூற்றில் பாடப்பெற்றவன். கோட்டம்பலத்துத் துஞ்சிய மாக்கோதை தன் தேவியை இழந்து பாடிய பாடலும் அந்நூலிலேயே உள்ளது. மாக்கோதை என்றும் குட்டுவன் கோதை என்றும் தமிழ் பிராமி எழுத்துப் பொறித்த வெள்ளிக் காசுகள் கரூர்ப் பகுதியில் கிடைத்துள்ளன. போர்க்களம் கண்ட வேந்தனின் பெயர் இது. பின்னர், வில்லிபுத்தூரில் பெரியாழ்வார் துளசிச் செடியடியில் கண்டெடுத்த பெண் மகவுக்கும் கோதை என்றே பெயரிட்டார் என்பது வைணவ மரபு. வாளேந்திய சேரனும் மாலை தொடுத்த ஆண்டாளும் ஒரே பெயரினர். ஹர்மன்பிரீத் இருவரைக் கண்டு வியக்கும் நாம், கோதை இருவரை மறந்துவிட்டோம்.

பிற்காலத்திலும் இவ்வழக்கு முற்றும் அற்றுப்போகவில்லை. ராஜம் என்னும் பெயரை நோக்குக. 1890-களில் ‘கமலாம்பாள் சரித்திரம்’ எழுதித் தமிழ் நாவலுக்கு அடிகோலியவர்களுள் ஒருவர் பி. ஆர். ராஜமையர். ‘வேருக்கு நீர்’ என்னும் நாவலுக்காக 1973-ஆம் ஆண்டின் சாகித்திய அகாதெமிப் பரிசு பெற்றவர் ராஜம் கிருஷ்ணன் அம்மையார். முன்னவர் ஆண், பின்னவர் பெண், இருவரும் நாவலாசிரியர். சங்க இலக்கியங்களை மலிவு விலையில் மக்களுக்கு வழங்கிய மர்ரே எஸ். ராஜம் அவர்களும் ஆடவரே.

பாரதி என்னும் பெயரோ இதனினும் சுவையுடையது. அது கலைமகளின் பெயர். எட்டயபுரத்துச் சுப்பிரமணியனின் கவித்திறம் கண்டு அப்பட்டத்தை அளித்தனர். பெண் தெய்வத்தின் பெயரை ஓர் ஆடவர் தாங்கினார். தாங்கியபின் அது அவருக்கே உரிய பெயராயிற்று. இன்று அவர்மீது கொண்ட அன்பினால் மகனுக்கும் பாரதி என்று பெயரிடுகின்றனர். மகளுக்கும் பாரதி என்று பெயரிடுகின்றனர். மணி, அருள், அன்பு, தங்கம், ஞானம் என்பனவும் இருபாலார்க்கும் வழங்கி வந்தவையே.

1916-ஆம் ஆண்டில் மறைமலையடிகள் தொடங்கிய தனித்தமிழ் இயக்கமும், அதனைத் தொடர்ந்து எழுந்த மொழியுணர்ச்சியும் நம் பெயர்களைப் பெரிதும் மாற்றின. அடிகளே வேதாசலம் என்னும் பெயரை மொழிபெயர்த்துக்கொண்டவர். நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார். இராமையா அன்பழகன் ஆனார். சொல் மாறியது, விகுதி மாறவில்லை. ஆனால் அவ்வியக்கம் விதைத்த வித்து, அடுத்த தலைமுறைகளில் வேறொரு வகையாகவும் முளைத்தது. பழந்தமிழ்ச் சொற்களை விகுதி சேர்க்காமலே பெயராக இடும் வழக்கம் பரவியது. தமிழ், எழில், சுடர், யாழ் என்று குழந்தைகளை அழைக்கிறோம். இவை ஆணுக்கும் பொருந்தும், பெண்ணுக்கும் பொருந்தும். நாம் புதுமை என்று கருதும் இது, உண்மையில் கோதை சென்ற வழியே ஆகும்.

பெயரால் இயலாதது

இத்துணையும் கூறியபின், கசப்பான ஓர் உண்மையையும் கூறாது விடுதல் நேர்மையன்று. பெயரளவில் சமம் கண்ட பஞ்சாபில் 2001-ஆம் ஆண்டு மக்கட் கணக்கெடுப்பின்படி, ஆறு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுள் 1000 ஆண்களுக்கு 798 பெண்களே இருந்தனர். 2011-இல் அது 846 ஆக உயர்ந்தது, அதுவும் குறைவே. கருவிலேயே பெண்ணைக் கண்டறிந்து அழித்த கொடுமையின் கணக்கு இது. ஒரே பெயரைச் சூட்டக் காத்திருந்த நாட்டில், பெயர் சூட்டப்படும் முன்னரே பல பெண்கள் மறைந்தனர்.

தமிழ்நாட்டில் அவ்வெண் 2001-இல் 942, 2011-இல் 943. இதனைக் கொண்டு நாம் தலைநிமிர்ந்துவிட முடியாது. பெண் சிசுக் கொலையைத் தடுப்பதற்காகத் தொட்டில் குழந்தைத் திட்டம் என்று ஒன்றை 1992-ஆம் ஆண்டில் சேலத்தில் தொடங்க நேர்ந்த நாடு நம் நாடு. நம் சிற்றூர்களில் ‘போதும்பொண்ணு’ என்று பெயர் கொண்ட பெண்கள் இருக்கின்றனர். ‘வேண்டாம்’ என்றே பெயர் பெற்றவர்களும் இருக்கின்றனர். அடுத்ததாவது ஆணாகப் பிறக்கட்டும் என்னும் வேண்டுதலைப் பெயராக்கி, அதனை ஒரு குழந்தையின் நெற்றியில் வாழ்நாள் முழுவதும் ஒட்டிவிட்டோம். மராட்டியத்தில் இதற்கு நேரான பெயர் ‘நகுசா’. வேண்டாதவள் என்று பொருள். 2011-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் சதாரா மாவட்டத்தில் அப்பெயர் தாங்கிய 200-க்கும் மேற்பட்ட சிறுமியர், அரசு நடத்திய விழாவில் தம் பழம்பெயரைக் களைந்து, தாமே விரும்பிய புதுப்பெயரைச் சூட்டிக்கொண்டனர்.

ஒரு பெயர் என்ன செய்யும், என்ன செய்யாது என்பதற்கு இவ்விரண்டும் சான்று. நல்ல பெயர் ஒன்றினால் மட்டும் நீதி வந்துவிடாது. ஆனால் தீய பெயர் ஒன்றினால் அநீதி நாள்தோறும் பள்ளி வருகைப் பதிவேட்டில் உரக்கப் படிக்கப்படும். அச்சிறுமியர் புதுப்பெயர் கேட்டு வரிசையில் நின்றது பெயருக்கு ஆற்றல் உண்டு என்பதனாலேயே. பால் காட்டாப் பெயரின் உண்மையான கவர்ச்சியும் இதுவே. ‘நீ ஆண் என்பதற்காகவோ பெண் என்பதற்காகவோ அன்று, நீ வந்தாய் என்பதற்காகவே மகிழ்கிறோம்’ என்று அது குழந்தையிடம் சொல்கிறது. மகனாயினும் மகளாயினும் இப்பெயரே என்று குழந்தை பிறக்கும் முன்னரே முடிவு செய்து வைக்கும் பெற்றோர், இருவரில் யார் வந்தாலும் ஏற்பதற்குத் தம் உள்ளத்தை ஆயத்தம் செய்துகொள்கின்றனர்.

நம் குழந்தைகளுக்கு

வெளிமாநிலத்தில் வாழும் நமக்குப் பெயரிடுதல் இருமடங்கு பொறுப்புடைய செயலாகும். பெயரில் தமிழ் இருத்தல் வேண்டும்; அண்டை வீட்டார் நாவிலும் அது சிதையாது வழங்குதல் வேண்டும். ழகரம் அமைந்த பெயர்கள் இங்கே படும் பாட்டை நாம் அறிவோம். வடநாட்டு வழக்கையும் அறிந்திருத்தல் நன்று. சுமன் என்பது நமக்கு ஆண்பெயர். இங்கே பெரும்பாலும் பெண்பெயர். கிரண் என்பது இருபாலார்க்கும் பொது. இந்தியக் காவல் பணியில் 1972-ஆம் ஆண்டு சேர்ந்த முதற் பெண்மணி கிரண் பேடி. இந்தியக் கிரிக்கெட் அணியில் விக்கெட் காத்தவர் கிரண் மோரே.

பொதுப்பெயரால் சில இடர்களும் உண்டு. சிங், கௌர் போன்றதொரு பின்பெயர் நம்மிடம் இல்லை. ஆகவே பயணச் சீட்டிலும் விடுதிப் பட்டியலிலும் பால் மாறிப் பதிவாதல் கூடும். பெயருக்குப் பின் தந்தை பெயரைச் சேர்த்தெழுதும் வடநாட்டு அலுவலக வழக்கத்தால், தமிழ் என்னும் நம் மகள் எழுத்தில் ‘தமிழ் சுப்பிரமணியன்’ ஆகி, ஆடவர் எனக் கருதப்படுதலும் உண்டு. இவை பொறுத்துக்கொள்ளத் தக்க சிறு இடர்களே. அதே நேரத்தில், விண்ணப்பத்தைப் படிப்பவர் முதலில் தகுதியை நோக்கவும் அப்பெயர் இடமளிக்கும்.

பாட்டனார் பெயரையும் பாட்டியார் பெயரையும் இடும் மரபைக் கைவிட வேண்டும் என்று நாம் கூறவில்லை. அம்மரபு நம்மைப் பிறந்த மண்ணோடு பிணைக்கும் கயிறு. அதனை விரிவுபடுத்தலாம் என்றே கூறுகிறோம். கோதை என்னும் பாட்டியின் பெயரைப் பேரனுக்கும் இடலாம். இலக்கணமும் இசைவு தருகிறது, சேரர் காசும் சான்று பகர்கிறது. மணி என்னும் பாட்டனாரின் பெயரைப் பேத்திக்கும் இடலாம். அன்பு, அருள், சுடர், பாரதி, தமிழ் என்பவற்றுள் எதனையும் இருவர்க்கும் இடலாம்.

ஆயின் பெயரிட்ட அன்றோடு கடமை முடிந்ததாகக் கருதுதல் கூடாது. மகனுக்கும் மகளுக்கும் ஒரே பெயரைத் தரத் துணிந்த வீட்டில், ஒரே அளவு பாலும், ஒரே தரமான பள்ளியும், ஒரே பங்கு சொத்தும் அவர்களுக்குக் கிடைத்தல் வேண்டும். அப்பொழுதுதான் பெயர் பொருளுடையதாகும். இவ்வாண்டு நம் குடியிருப்பில் பிறந்துள்ள குழந்தைகளும், இனிப் பிறக்கவிருக்கும் குழந்தைகளும், எப்பெயர் பூண்டாலும் வேண்டிப் பெற்ற செல்வங்களாகவே வளர்க. தமிழ் மணக்க வாழ்க என்று வாழ்த்துகிறோம்.